சேகோ ஆலைக் கழிவுநீர்க் குட்டை: ஷீட் விரிக்கும் முன் மண்ணில் செய்ய வேண்டியவை

"ஷீட் போட்டாச்சு, இனி ஒரு சொட்டு இறங்காது." சேலம், ஆத்தூர், தலைவாசல் பக்கம் சேகோ (ஜவ்வரிசி) ஆலைகளில் அடிக்கடி கேட்கிற பேச்சு இது. இறங்கும். குட்டையில் விரிக்கும் கெட்டி பிளாஸ்டிக் ஷீட்டில் ஓட்டை விழாத குட்டை அபூர்வம். அந்த ஓட்டைக்கு அடியில் என்ன இருக்கிறது என்பதை வைத்துத்தான் பக்கத்துத் தோட்டத்துக் கிணறு பிழைப்பதும் கெடுவதும். அதனால் இந்த வழிகாட்டியில் ஷீட்டைவிட மண்ணுக்கே அதிக இடம். குட்டை வேலையை முதன்முறை எடுக்கும் மேற்பார்வையாளர், கான்ட்ராக்டர், ஆலைக்காரர் ஆகியோருக்காக எழுதியது.

முதலில், எந்தத் தண்ணீரைத் தடுக்கிறோம் என்று தெரிய வேண்டும். மரவள்ளிக் கிழங்கை அரைத்து, பாலை வடித்து, திப்பியை (நார்ச் சக்கையை) பிரித்து, தொட்டியில் மாவு படிந்த பிறகு மேலே நிற்கும் நீர் இது. ஆலையை விட்டு வரும்போது பெரிய நாற்றம் இருக்காது. ஓரிரு நாள் தேங்கினால் புளித்துவிடும், பி.எச். 4, 5 என்று இறங்கும். உயிர்வேதி ஆக்சிஜன் தேவை (கழிவைச் சிதைக்க நுண்ணுயிர்கள் தின்னும் ஆக்சிஜன்) லிட்டருக்குச் சில ஆயிரம் மில்லிகிராம் இருக்கும். கிழங்கிலும் தோலிலும் இயல்பாக உள்ள சயனைடு சேர்மங்களும் கூடவே வரும். இது மண்ணில் இறங்கினால், அங்கிருக்கும் ஆக்சிஜனைத் தின்று தீர்த்துவிட்டு இரும்பையும் மாங்கனீசையும் கரைத்துக்கொண்டு போகும். கிணற்று நீர் மஞ்சளாகி, வைத்த பாத்திரத்தில் கறுப்பாகப் படிவது இதனால்தான். நம் பக்கத்து மண்ணில் சுக்கான் கல் (சுண்ணாம்புக் கல்) நிறைய. புளித்த நீர் பட்டால் சுக்கான் கரையும். நீரின் கடினத்தன்மை ஏறும். சுக்கான் கரைந்த இடம் அடுத்த மழைக்கு வழியாகிவிடும்.

இன்னொன்று பாறை. சேலம் மாவட்டத்தில் பெரும்பாலும் மேலே சில மீட்டர் மண்ணும் மொரம்பும் (பாறை சிதைந்த சரளை மண்), அதற்கடியில் சார்னோக்கைட் அல்லது நைஸ் பாறை. நிலத்தடி நீர் இருப்பது மொரம்பிலும் பாறை வெடிப்பிலும். மணல்வெளியில் என்றால் கழிவு மெதுவாக வடிகட்டப்பட்டு நகரும். வெடிப்பில் வடிகட்டல் கிடையாது. ஐம்பதடி தள்ளியுள்ள கிணறு நன்றாக இருக்க, அதே வெடிப்பில் உள்ள கால் மைல் தூரத்துப் போர் (ஆழ்துளைக் கிணறு) கெட்டுப்போவது இங்கே சாதாரணம். ஆகவே "கிணறு தூரத்தில்தானே இருக்கிறது" என்பது இந்த ஊரில் பாதுகாப்பு இல்லை.

இடம் பார்ப்பது

குட்டைக்கு இடம் குறிக்கும் முன் தமிழ்நாடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவாணையில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துவிடுங்கள். பிறகு நீர்மட்டம். இதைச் சித்திரை, வைகாசியில் அளப்பது வீண் வேலை. அப்போது எல்லாக் கிணறும் ஆழத்தில்தான் கிடக்கும். ஐப்பசி, கார்த்திகை மழை முடிந்து, டிசம்பரில் சுற்றியுள்ள கிணறுகளில் கயிறு விட்டு அளந்து, அந்த மட்டத்தைக் கணக்கில் எடுங்கள். திடக்கழிவு மேலாண்மை விதிகள் 2016, குப்பை நிரப்பும் இடங்களுக்குச் சொன்ன அளவு ஒன்று உண்டு: களிமண் அடுக்கின் அடிக்கும் மிக உயர்ந்த நீர்மட்டத்துக்கும் குறைந்தது 2 மீட்டர் இடைவெளி. உங்களுடையது குப்பைக் குழி அல்ல என்றாலும் இந்த அளவைப் பிடித்துக்கொள்வது நல்லது. இடைவெளி இல்லாவிட்டால், மழைக்காலத்தில் குட்டை காலியாக இருக்கும்போது அடியிலிருந்து நீர் களிமண்ணையும் ஷீட்டையும் மேலே தள்ளிவிடும். ஆழம் கிடைக்காத இடத்தில் தோண்டாமல் கரை கட்டி உயர்த்துங்கள்.

குறித்த இடத்துக்குள்ளோ கரையை ஒட்டியோ தூர்ந்துபோன போர் இருக்கிறதா என்று பழைய ஆட்களைக் கேளுங்கள். இதைத் தவறவிட்டால் மற்ற எல்லா வேலையும் பாழ். கைவிட்ட போர் என்பது பாறை வெடிப்புக்கு நேராகப் போகும் குழாய். மேலே ஒரு கல்லை வைத்து மண் தள்ளுவது மூடுவது ஆகாது. கேசிங் பைப் வந்தால் உருவிவிட்டு, ஒரு சிறு குழாயை அடிவரை இறக்கி, சிமெண்டும் பென்டோனைட்டும் (நீர் பட்டால் உப்பும் களிமண் வகை) கலந்த கூழை அடியிலிருந்து மேலாக நிரப்ப வேண்டும். மேலிருந்து கொட்டினால் நடுவில் அடைத்துக்கொண்டு கீழே வெற்றிடம் நிற்கும். ஆறரை அங்குலப் போருக்கு மீட்டருக்குச் சுமார் 21 லிட்டர் கூழ் பிடிக்கும். 100 மீட்டர் போருக்கு 2,100 லிட்டருக்கு மேல். ஒரு மூட்டை சிமெண்டில் 45 முதல் 50 லிட்டர் கூழ் வரும் என்று வைத்தால் ஏறக்குறைய 45 மூட்டை. செலவைப் பார்த்து இதில் கை வைக்காதீர்கள்.

அளவும் கணக்கும்

கைக்கு அடக்கமான ஒரு குட்டையை எடுத்துக்கொள்வோம். வேலை முடிந்த நிலையில் அடித்தளம் 25 க்கு 10 மீட்டர், ஆழம் 3 மீட்டர், சரிவு 1 க்கு 3 (ஒரு மீட்டர் உயரத்துக்கு மூன்று மீட்டர் பக்கவாட்டில்). மேல் அளவு 43 க்கு 28 மீட்டர் வரும். மேலே 60 செ.மீ. காலி விட்டு 2.4 மீட்டர் நிரப்பினால் சுமார் 13.7 லட்சம் லிட்டர் கொள்ளும். சரிவை 1 க்கு 2 என்று நட்டுக்குத்தலாக வெட்டினால் இடம் மிச்சமாகும். ஆனால் ரோலர் ஏறாது, களிமண் இறுகாது. 1 க்கு 3 என்பது ரோலருக்காக வைப்பது.

களிமண் பரப்பு, அடியும் சரிவும் சேர்த்து, ஏறத்தாழ 1,256 சதுர மீட்டர். 60 செ.மீ. கனத்துக்கு இறுகிய மண் 754 கன மீட்டர். வண்டியில் வரும் உதிரி மண்ணுக்கு முப்பது சதவீதம் கூட்டினால் 980 கன மீட்டர், அதாவது 346 யூனிட் (ஒரு யூனிட் 100 கன அடி). தோண்டும்போது இந்த 60 செ.மீ.க்கும் சேர்த்தே தோண்ட வேண்டும். இதை மறந்துவிட்டு, பிறகு "ஆழம் குறையுதே" என்று களிமண்ணை 30 செ.மீ.க்குச் சுருக்குவது நிறைய இடத்தில் நடக்கிறது. (2016 விதிகள் குப்பைக் கிடங்குக்குக் கேட்டது 90 செ.மீ. களிமண்ணும் அதன்மேல் 1.5 மி.மீ. எச்.டி.பி.ஈ. (அடர்த்தி மிகுந்த பாலித்தீன்) ஷீட்டும். இசைவாணையில் 90 என்று இருந்தால் 90 தான்.)

இவ்வளவு களிமண் எதற்கு என்று ஆலை முதலாளி கேட்பார். அவருக்குக் காட்ட ஒரு கணக்கு. 1,000 சதுர மீட்டர் பரப்பில் 2 மீட்டர் நீர் நிற்கிறது. அடியில் வெறும் மொரம்பு மண் என்றால், வினாடிக்கு ஒரு செ.மீ.யில் பத்தாயிரத்தில் ஒரு பங்கு ஊடுருவல் என வைத்தாலே நாளுக்கு 86,000 லிட்டர் இறங்கும். நன்றாக இறுக்கிய 60 செ.மீ. களிமண், ஊடுருவல் வினாடிக்கு ஒரு செ.மீ.யில் ஒரு கோடியில் ஒரு பங்கு என்றால், சுமார் 375 லிட்டர். இப்போது ஷீட். ஒரு சதுர செ.மீ. அளவுக்கு, சுண்டுவிரல் நகம் அளவு, ஒரே ஓட்டை. அடியில் ஜல்லியோ சல்லடையான மொரம்போ இருந்தால் அந்த ஓட்டை வழியாக மட்டும் நாளுக்கு 30,000 லிட்டர்வரை போகலாம். அதே ஓட்டைக்கு அடியில் ஷீட்டோடு ஒட்டிக் கிடக்கும் நல்ல களிமண் இருந்தால், வழக்கமான சூத்திரப்படி நாளுக்கு 4 லிட்டர்தான். மொத்த வேலையின் சூட்சுமமும் இதில் இருக்கிறது. ஷீட் தண்ணீரைப் பிடிக்கிறது. ஷீட் தவறிய இடத்தைக் களிமண் பிடிக்கிறது. இரண்டும் ஒட்டியிருந்தால்தான்.

மண் தேர்வு

ஏரிக் கரம்பை நல்ல களிமண்தானே என்பார்கள். சில ஏரியில் ஆம். சிலதில் வண்டலும் மட்கிய இலைதழையும்தான் அதிகம். காய்ந்தால் சுருங்கி வெடிக்கும். அனுமதி வாங்கி அள்ளுவதற்கு முன் இரண்டு கை நிறைய எடுத்துச் சோதியுங்கள். ஈர மண்ணை உள்ளங்கையில் உருட்டித் திரியாக்கினால் 3 மி.மீ. கனம்வரை உடையாமல் வர வேண்டும். கண்ணாடிப் பாட்டிலில் மூன்றில் ஒரு பங்கு மண், மீதி நீர், ஒரு சிட்டிகை உப்பு போட்டுக் குலுக்கி ஒரு நாள் வையுங்கள். அடியில் மணல், மேலே வண்டல், உச்சியில் களி என்று பட்டையாகப் பிரியும். களிப்பட்டை மெல்லிய கோடாக இருந்தால் அந்த ஏரியை விட்டுவிடலாம். சுக்கான் இருக்கிறதா என்று பார்க்க எலுமிச்சைச் சாறோ கழிப்பறை கழுவும் ஆசிடோ ஒரு சொட்டு விடுங்கள். நுரைத்துப் பொங்கினால் அந்த மண் வேண்டவே வேண்டாம். புளித்த நீர் அதைத் தின்னும்.

கைச்சோதனை தள்ளுபடி செய்யத்தான். ஏற்றுக்கொள்ள மண் சோதனைக்கூட அறிக்கை வேண்டும்: பிராக்டர் சோதனை (எந்த ஈரத்தில் மண் மிக அடர்த்தியாக இறுகும் என்று காட்டுவது), இறுக்கிய மண்ணின் ஊடுருவல். ஊடுருவலை நல்ல தண்ணீரில் ஒருமுறையும், உங்கள் ஆலையின் புளித்த நீரில் ஒருமுறையும் பார்க்கச் சொல்லுங்கள். இரண்டாவதைக் கேட்காமல் விடுபவர்கள்தான் அதிகம்.

களி போதாத செம்மண் என்றால் பென்டோனைட் சேர்க்கலாம். எடையில் 5 முதல் 10 சதவீதம். சரியான அளவைச் சோதனைக்கூடம் சொல்லும். 8 சதவீதம் என்றால், இறுகிய 15 செ.மீ. அடுக்கில் சதுர மீட்டருக்கு ஏறக்குறைய 21 கிலோ. 50 கிலோ மூட்டை ஒன்று இரண்டரை சதுர மீட்டர்கூட வராது. தரையில் கட்டம் போட்டு, கட்டத்துக்கு ஒரு மூட்டை உடைத்து, ரொட்டவேட்டர் விட்டுக் கலக்குங்கள். ஜேசிபி வாளியில் புரட்டினால் திட்டுத்திட்டாகத்தான் சேரும். சோடியம் பென்டோனைட் வாங்குங்கள். கால்சியம் வகை அந்த அளவுக்கு உப்பாது. சோடியம் வகையும் சுண்ணாம்புச் சத்துள்ள புளிநீர் தொடர்ந்து பட்டால் நாளடைவில் உப்பும் தன்மையை இழக்கும். பென்டோனைட்டை மட்டும் நம்பி, ஷீட் இல்லாமல் விடக்கூடாது என்பது இதனால்தான்.

இறுக்குவது

தோண்டிய தளத்தில் வேர், கல், பழைய திப்பி எதுவும் இருக்கக்கூடாது. பழைய மண் குட்டையைப் புதுப்பிக்கிறீர்கள் என்றால் கறுத்த மண் தீரும்வரை வெட்டி எடுங்கள். விட்ட கழிவு அடியில் அழுகி வாயு கிளப்பும். ஷீட் திமிங்கல முதுகு மாதிரி நீரின்மேல் உப்பி நிற்கும். அந்த உப்பலைக் கத்தியால் குத்தி வாயுவை விடும் கூத்தும் நடக்கிறது. பாறை தெரிந்தால் வெடி வைக்காதீர்கள். வெடிப்பைத் துப்புரவாக்கி மெலிந்த கான்கிரீட்டால் அடைத்து மட்டம் செய்யுங்கள்.

களிமண்ணை 20, 22 செ.மீ. உதிரியாகப் பரப்பி, ரோலர் ஓட்டி 15 செ.மீ. ஆக்க வேண்டும். 60 செ.மீ.க்கு நாலு அடுக்கு. ஒரே அடியாக 60 செ.மீ. கொட்டி மேலே ரோலர் விட்டால் மேல் கால்வாசிதான் இறுகும். முள் வைத்த ஷீப்ஃபுட் ரோலர் வேண்டும். வழுவழு ரோலர் கடைசி அடுக்கின் மேற்பரப்புக்கு மட்டும். ஆறு முதல் எட்டு தடவை. அடுத்த அடுக்கு கொட்டும் முன் மேற்பரப்பைக் கீறிவிட்டு நீர் தெளியுங்கள், இல்லையென்றால் இரண்டு அடுக்குக்கும் நடுவே நீர் பக்கவாட்டில் ஓட வழி கிடைக்கும்.

ஈரம்தான் உயிர். ரோடு போடும் மேஸ்திரி பிராக்டர் ஈரத்தைவிடக் குறைவாக வைத்து அடர்த்தியைக் கொண்டுவந்து காட்டுவார். ரோட்டுக்கு அது சரி. இங்கே 2, 3 சதவீதம் கூடுதல் ஈரம் வேண்டும், அப்போதுதான் கட்டிகள் நசுங்கி ஒன்றோடொன்று பிசையும். அடர்த்தி 95 சதவீதம் வந்தும் நீர் கசிந்தால் காரணம் பெரும்பாலும் இதுவே. தளத்தில் பார்க்க ஒரு வழி: இறுக்கிய அடுக்கில் மண்வெட்டியால் நேராக வெட்டி, வெட்டுமுகத்தைக் கிட்டத்தில் பாருங்கள். சோப்புக்கட்டி அறுத்தாற்போல் வழுவழுப்பாக இருந்தால் நன்று. கட்டிகளின் ஓரம் கோடுகோடாகத் தெரிந்தால் அந்தக் கோடு எல்லாம் நீர் போகும் வழி. கிளறி, நனைத்து, மறுபடி ஓட்டுங்கள். வெட்டிய குழியைப் பென்டோனைட் பசையால் அடைத்துவிடுங்கள்.

கிழங்கு அரவை ஓய்ந்த கோடையில்தான் குட்டை வேலை எடுப்பார்கள். கத்திரி வெயிலில் களிமண் ஒரே பகலில் வெடிக்கும். முடிந்த அடுக்கை ஈரக் கோணியாலோ தார்ப்பாயாலோ மூடுங்கள். வெடித்துவிட்டால் மேலே சேறு பூசி மறைக்கக்கூடாது. வெடிப்பு எவ்வளவு ஆழமோ அவ்வளவும் எடுத்து மறுபடி இறுக்க வேண்டும்.

ஷீட்

1.5 மி.மீ. எச்.டி.பி.ஈ., கார்பன் கறுப்பு 2 முதல் 3 சதவீதம் உள்ளது. பண்ணைக்குட்டைக்கு விற்கும் 500 மைக்ரான் நெய்த ஷீட் விலை குறைவு. நல்ல தண்ணீருக்கு அது போதும், இதற்குப் போதாது. கான்கிரீட் தொட்டி மட்டும் போதும் என்பவர்களுக்கு: புளிநீர் சிமெண்டை அரிக்கும்.

நம் குட்டைக்குச் சரிவின் நீளத்தைக் கணக்கில் எடுத்து, விளிம்பில் ஒவ்வொரு பக்கமும் 1.8 மீட்டர் கூட்டினால் 47.6 க்கு 32.6 மீட்டர், அதாவது 1,552 சதுர மீட்டர். மேல்சேர்ப்புக்கும் கழிவுக்கும் பத்து சதவீதம் கூட்டி 1,700 சதுர மீட்டர் வாங்குங்கள். எடை சுமார் 2.4 டன். கரையின் மேல் விளிம்பிலிருந்து ஒரு மீட்டர் தள்ளி 60 க்கு 60 செ.மீ. வாய்க்கால் வெட்டி அதில் ஷீட் முனையைப் புதைக்க வேண்டும். வாய்க்கால் விளிம்பு கூர்மையாக இருந்தால் ஷீட் அங்கே கிழியும், மழுக்கிவிடுங்கள்.

களிமண்ணுக்கும் ஷீட்டுக்கும் நடுவில் துணி போடாதீர்கள். பாதுகாப்பு என்று நினைத்துப் பலர் ஜியோடெக்ஸ்டைல் விரிக்கிறார்கள். ஓட்டை வழியே வந்த நீர் அந்தத் துணியில் பரவி, குட்டை முழுவதும் களிமண்ணை நனைக்கும். மேலே சொன்ன 4 லிட்டர் கணக்கு அதோடு போயிற்று. கல் குத்தும் என்ற பயம் இருந்தால் கல்லைப் பொறுக்குங்கள். தளத்தில் வெறுங்காலால் நடந்து பாருங்கள். உங்கள் பாதத்தைக் குத்துவது ஷீட்டையும் குத்தும்.

கறுப்பு ஷீட் வெயிலில் 65, 70 டிகிரிக்குப் போகும். 40 மீட்டர் நீளம், 40 டிகிரி ஏற்றத்துக்கு 24 முதல் 32 செ.மீ. நீளும். மதியம் விரித்தால் அலை அலையாக மடிப்பு. மடிப்புக்கு அடியில் களிமண் தொடாது. காலை பத்து மணிக்குள் விரித்து வெல்டிங் முடியுங்கள். வாய்க்காலில் மண் தள்ளுவதும் காலைக் குளிரில்தான். ஆனால் இழுத்துக் கட்டியதுபோல விடாமல் சற்றுத் தளர்வு வையுங்கள், இல்லையேல் மார்கழிக் குளிரில் சுருங்கி, சரிவின் அடி மூலையில் தரையைத் தொடாமல் பறை மாதிரி நிற்கும். ஆடிக் காற்றில் விரிப்பதாக இருந்தால் மணல் மூட்டையை முதலில் நிரப்பி வைத்துவிட்டு ரோலைப் பிரியுங்கள்.

தையல் (இரண்டு ஷீட்டைச் சேர்க்கும் வெல்டிங் கோடு) சரிவில் மேலிருந்து கீழாகப் போக வேண்டும், குறுக்கே கூடாது. மேல்சேர்ப்பு 10 முதல் 15 செ.மீ. இரட்டைத் தையல் விழும் வெட்ஜ் மெஷினில் வெல்ட் செய்தால் நடுவில் காற்றுக் குழல் கிடைக்கும். காலையிலும் மதிய உணவுக்குப் பிறகும் துண்டு ஷீட்டில் வெல்ட் செய்து பிரித்துப் பாருங்கள். தையல் உரிந்து வந்தால் சூடோ வேகமோ தவறு. தையலுக்கு வெளியே ஷீட்டே கிழிய வேண்டும்.

காற்றுச் சோதனைக்குக் குழலின் இரு முனையையும் அடைத்து, ஊசி செருகி சதுர செ.மீ.க்கு 2 கிலோ அழுத்தம் ஏற்றி 5 நிமிடம் விடுங்கள். 0.2 கிலோவுக்கு மேல் இறங்கக்கூடாது. முடிந்ததும் ஊசி உள்ள முனையை விட்டு மறுமுனையை அறுங்கள். கேஜ் முள் உடனே விழ வேண்டும். விழவில்லை என்றால் நடுவில் குழல் அடைபட்டிருக்கிறது. நீங்கள் சோதித்தது பாதித் தையலைத்தான். இந்தக் கடைசி அறுப்பைச் செய்யாமல் கையெழுத்துப் போடும் ஆட்கள் உண்டு, கூட நின்று பாருங்கள். ஒட்டுப்போட்ட இடங்களுக்கு சோப்பு நீர் தடவி வேக்குவம் பாக்ஸ் வைத்து 10, 15 வினாடி. ஒட்டு எப்போதும் ஓட்டையைவிடச் சுற்றிலும் 15 செ.மீ. பெரிதாக, மூலை உருண்டையாக.

ஷீட்டைத் துளைத்துப் பைப் விடாதீர்கள். கரைக்கு மேலாகவே கொண்டுவந்து, விழும் இடத்தில் இரண்டாவது துண்டு ஷீட் போடுங்கள்.

நிரப்பும் முன்னும் பின்னும்

நல்ல நீரை ஒரு மீட்டராவது நிரப்பி, குட்டைக்குள்ளேயே பாதி மூழ்கிய நிலையில் ஒரு பிளாஸ்டிக் டிரம்மில் அதே மட்டத்துக்கு நீர் வைத்து ஏழு நாள் அளவுகோல் பாருங்கள். டிரம்மில் குறைவது வெயிலுக்குப் போனது. குட்டையில் அதைவிடக் கூடுதலாகக் குறைவது கசிவு. நிறைந்த குட்டையில் ஒரு மி.மீ. என்பது கிட்டத்தட்ட 960 லிட்டர். பெரிய கசிவைத்தான் இது பிடிக்கும். சின்னதைப் பிடிக்கக் கண்காணிப்புக் கிணறுதான்: நிலத்தடி நீர் வரும் திசையில் ஒன்று, போகும் திசையில் இரண்டாவது. குட்டை நிரம்பும் முன்பே முதல் மாதிரியை எடுத்து பி.எச்., மின்கடத்துதிறன், கடினத்தன்மை, இரும்பு, மாங்கனீசு, சி.ஓ.டி. (வேதி ஆக்சிஜன் தேவை) பாருங்கள். அந்த முதல் அறிக்கை இல்லாவிட்டால், பிறகு பக்கத்துத் தோட்டக்காரர் சண்டைக்கு வரும்போது எது முன்பே இருந்தது, எது உங்களால் வந்தது என்று யாராலும் சொல்ல முடியாது.

வேலி அவசியம். ஈர ஷீட்டில் விழுந்த ஆடும் ஏற முடியாது, ஆளும் ஏற முடியாது. நாலு பக்கமும் முடிச்சுப் போட்ட கயிறு தொங்கவிடுங்கள். அடியில் கசடு சேர்ந்தால் பம்பு வைத்து உறிஞ்சுங்கள். ஜேசிபியை உள்ளே இறக்கிய அன்றே மேலே சொன்ன கணக்கு எல்லாம் மாறிவிடும். நீரை முழுக்க வற்றவிடாமல் அடியில் ஒரு அடியாவது வைத்திருங்கள். ஷீட் வெயிலில் வேகாது, காற்றில் தூக்காது, கீழே களிமண் காயாது.